பேசாமடந்தை பேசிய கதை: விர்னா லீசியின் நடிப்பு வாழ்க்கை

இரவு மணி எட்டு ஐம்பது. செய்தி முடிந்ததும் இத்தாலிய வீடுகளில் குழந்தைகள் தொலைக்காட்சிப் பெட்டியின் முன்னால் வந்து உட்கார்ந்துவிடுவார்கள். ‘கரோசெல்லோ’ தொடங்கும். அது முடிந்தால்தான் தூக்கம். 1957 பிப்ரவரி 3இல் தொடங்கி 1977 புத்தாண்டு நாள் வரை இருபது ஆண்டுகள் ஓடிய நிகழ்ச்சி அது. முழுக்க முழுக்க விளம்பரங்கள்தான். ஆனாலும் நேராக வந்து “இதை வாங்குங்கள்” என்று சொல்ல அனுமதி கிடையாது. இரண்டேகால் நிமிடத்தில் முதலில் ஒரு குட்டி நாடகமோ பாட்டோ வேடிக்கையோ இருக்க வேண்டும். பொருளின் பெயர் ‘வால்’ என்று அவர்கள் சொன்ன கடைசித் துண்டில் மட்டும்தான் வரலாம்.

அந்த நிகழ்ச்சியின் ஆரம்ப ஆண்டுகளில் க்ளோரோடொன்ட் பற்பசைக்காக ஓர் இளம்பெண் வந்தார். பொன்னிறக் கூந்தல், பளிச்சென்ற பல்வரிசை. கடைசியில் ஒரு வசனம்: “அந்த வாய் இருந்தால் எதை வேண்டுமானாலும் சொல்லலாம்.” நாடு முழுக்க அது பேச்சுவழக்காகிவிட்டது. இத்தாலியில் வயதானவர்கள் இன்றும் அதைச் சொல்வார்கள். சொன்ன உடனேயே அந்த இளம்பெண்ணின், நடிகை விர்னா லீசியின், பெயரும் சேர்ந்தே வரும்.

நம் ஊரில் வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்போம். பேசத் தெரிந்தவன் எப்படியும் கரையேறிவிடுவான் என்று பொருள். க்ளோரோடொன்ட் வசனம் சொல்வது இதற்கு நேர் எதிர். நீ என்ன பேசுகிறாய் என்பது பொருட்டில்லை, பேசும்போது பல் தெரிகிறதே, அது போதும் என்கிறது. ஒரு நடிகையைப் பற்றி இதைவிடக் கடுமையான தீர்ப்பு இருக்க முடியாது. அதைப் பாராட்டாகவே எல்லோரும் சொன்னார்கள், அவரும் பாராட்டாகவே வாங்கிக்கொள்ள வேண்டியிருந்தது.

இந்த ஆய்வுக்கு நான் எடுத்துக்கொண்ட கேள்வி இதுதான். 1953இல் முதல் படம். 1994இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது. நடுவில் நாற்பத்தோரு ஆண்டுகள். ஏன் இவ்வளவு காலம் பிடித்தது? “அழகியாக வந்தார், வயதான பிறகு நடிகையானார்” என்பது வழக்கமாகச் சொல்லப்படும் பதில். அவர் செய்த வேலைகளை வரிசையாக எடுத்து வைத்துப் பார்த்தால் அது சரியில்லை என்றே படுகிறது. அவர் முதலிலிருந்தே நடிகைதான். அவரைப் பேசவிடாமல் வைத்திருந்தார்கள். அவர் எங்கெல்லாம் பேச இடம் கிடைத்தது, எங்கெல்லாம் கிடைக்கவில்லை என்று பின்தொடர்ந்தால் இந்த வாழ்க்கை முழுவதும் வேறு மாதிரி தெரிகிறது.

விர்னா பியெராலீசி என்பது இயற்பெயர். 1936 நவம்பர் 8 அன்று ஆட்ரியாட்டிக் கடலோரத் துறைமுகமான அங்கோனாவில் பிறந்தார். குடும்பம் ரோமுக்கு வந்த பிறகு, பதினாறு பதினேழு வயதிலேயே சினிமா. பாட்டும் கண்ணீருமாக நேப்பிள்ஸ் பாணியில் அப்போது வரிசையாக வந்துகொண்டிருந்த படங்களில் ஒன்று அவருடைய முதல் படம். அந்த வகைப் படங்களில் நாயகிக்கு என்ன வேலை இருக்குமோ அதுதான் அவருக்கும் இருந்தது.

1956இல் பிரான்செஸ்கோ மசெல்லி இயக்கிய ‘லா தொன்னா தெல் ஜோர்னோ’ அப்படியல்ல. தன்னை மூன்று பேர் தாக்கியதாகப் பொய் சொல்லும் ஒரு மாடல் பெண், பத்திரிகைகளில் பெரும்புள்ளியாகிவிடுகிறாள். புகைப்படம் ஒருத்தியின் வாழ்க்கையை எப்படித் தூக்கிக்கொண்டு போகிறது என்பதுதான் படம். இருபது வயதில் அந்த வேடத்தைச் செய்த பெண்ணின் வாழ்க்கையையே அடுத்த பத்தாண்டு புகைப்படங்கள் தூக்கிக்கொண்டு போகும் என்று அப்போது யாருக்குத் தெரியும்?

1957ஐக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். பற்பசை விளம்பரத்தை மட்டும் நினைவில் வைத்திருப்பவர்கள் தவறவிடும் ஆண்டு அது. இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான ராய் முறையான ஒளிபரப்பைத் தொடங்கி அப்போது மூன்றே ஆண்டுகள். நாவல்களை ஐந்தாறு வாரத் தொடர் நாடகங்களாகப் போடும் வழக்கம் வேரூன்றிக்கொண்டிருந்தது. அவற்றை ‘ஷெனெஜ்ஜாத்தோ’ என்பார்கள். ஜேன் ஆஸ்டினின் ‘பிரைட் அண்ட் பிரஜுடிஸ்’ நாவலை டானியேலே டான்சா அப்படி ஒரு தொடராக இயக்கினார். அதில் எலிசபெத் பென்னட் வேடம் விர்னா லீசிக்கு. நாவலைப் படித்தவர்களுக்குத் தெரியும், அந்தப் பாத்திரத்தின் உயிரே அவள் வாயில்தான் இருக்கிறது. பட்டென்று பதில் சொல்வாள். பணக்காரனை மடக்குவாள். கெஞ்ச வேண்டிய இடத்தில் மறுப்பாள். அன்றைய தொலைக்காட்சி நாடகத்தில் எடிட்டிங் மேசையின் உதவி பெரிதாகக் கிடையாது. நீண்ட காட்சிகளை மேடையில் போலவே தொடர்ச்சியாக நடித்தாக வேண்டும், சொந்தக் குரலில் பேசியாக வேண்டும். அதே காலத்தில்தான் மிலானின் பிக்கொலோ தியேட்டரில் ஜோர்ஜோ ஸ்ட்ரேலரின் இயக்கத்தில் பிரெஞ்சுப் புரட்சி பற்றிய நாடகம் ஒன்றிலும் நடித்தார். ஸ்ட்ரேலர் முகத்துக்காக மட்டும் ஒருவரை மேடையேற்றுகிறவர் அல்லர்.

ஆக, இருபத்தொரு வயதில் அவர் கையில் எலிசபெத் பென்னட்டும் இருந்தாள், பற்பசையும் இருந்தது. ஒரே பெட்டியில், ஒரே வீட்டுக்குள்ளேதான் இரண்டும் வந்தன. ஊருக்கு எது நின்றது என்பது தெரிந்ததே.

இத்தாலிய சினிமாவின் தொழில்முறை ஒன்றையும் இங்கே சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் ‘குரல்’ என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வது விளங்காது. அங்கே பல பத்தாண்டுகளுக்குப் படப்பிடிப்பில் ஒலிப்பதிவு என்பது பெயரளவுக்குத்தான். எல்லாமே பிறகு டப்பிங் கூடத்தில் நடக்கும். பெரிய நட்சத்திரங்களுக்குக்கூட வேறு ஒருவர் குரல் கொடுப்பது சர்வசாதாரணம். முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது என்பதில் யாரும் குறை காணவில்லை. தமிழ் சினிமா பார்த்து வளர்ந்த நமக்கு இது புதிதல்ல. அப்படிப்பட்ட தொழிலில் நடிகையின் பேச்சுக்கு என்ன மதிப்பு இருக்கும் என்பதை விளக்க வேண்டியதில்லை.

1960இல் கட்டடக் கலைஞர் பிராங்கோ பெஷியைத் திருமணம் செய்துகொண்டார். 1962இல் மகன் பிறந்தான். அதே ஆண்டு ஜோசப் லோசி இயக்கிய ‘ஈவா’ வந்தது. ஜான் மொரோ வெனிஸ் நகரத்தையே ஆட்டிவைக்கும் படத்தில், ஏமாற்றப்படும் மனைவி இவர். 1964இல் பிரான்சில் அலென் தெலோனுடன் ஒரு வாள்சண்டைப் படம். அடுத்து அமெரிக்காவிலிருந்து அழைப்பு வந்தது.

மர்லின் மன்றோ 1962இல் இறந்துபோயிருந்தார். ஹாலிவுட் ஸ்டூடியோக்கள் அந்த இடத்தில் உட்கார வைக்க ஒருத்தியைத் தேடிக்கொண்டிருந்தன. ரிச்சர்ட் க்வைன் இயக்கத்தில் ஜாக் லெமனுடன் 1965இல் வந்த ‘ஹவ் டு மர்டர் யுவர் வைஃப்’ படத்தில் விர்னா லீசி அறிமுகமாகும் காட்சியை ஒருமுறை பார்த்தால் போதும், அவரிடம் அவர்கள் என்ன எதிர்பார்த்தார்கள் என்பது தெரிந்துவிடும். கல்யாணத்துக்கு முந்தைய ஆண்கள் விருந்து. ஆளுயரக் கேக் ஒன்றைத் தள்ளிக்கொண்டு வருகிறார்கள். அதற்குள்ளிருந்து அவர் வெளியே வருகிறார். போதையில் இருக்கும் நாயகன் அன்றிரவே அவரைக் கட்டிக்கொள்கிறான். விடிந்து பார்த்தால் மனைவிக்கு ஆங்கிலம் தெரியாது! நகைச்சுவை அங்கிருந்துதான் கிளம்புகிறது. இத்தாலிய மொழியில் அவர் என்ன சொன்னாலும் எதிரே இருப்பவனுக்கு ஒன்றும் புரியப்போவதில்லை. சரியான பேசாமடந்தை. கதை முடியும்வரை அந்தப் பாத்திரம் ‘திருமதி ஃபோர்டு’ மட்டுமே, சொந்தப் பெயர்கூட இல்லை.

அந்த வேடத்தை அவர் நன்றாகவே செய்திருக்கிறார் என்பதையும் சொல்லிவிட வேண்டும். சொல் இல்லாத இடத்தில் கண்ணையும் கையையும் வைத்துச் சமாளிக்கிறார், லெமனின் படபடப்புக்கு எதிரே அசையாமல் நிற்கிறார். நகைச்சுவையில் நேரம் பார்த்து அடிக்கத் தெரிந்த நடிகை அவர் என்பது அங்கே தெளிவாகத் தெரியும். விமர்சனங்கள் எழுதியது மட்டும் கேக்கைப் பற்றித்தான்.

அதே ஆண்டு மார்ச் மாதம் ‘எஸ்குவயர்’ பத்திரிகையின் அட்டை. ஜார்ஜ் லோயிஸ் வடிவமைப்பு, கார்ல் ஃபிஷர் எடுத்த படம். விர்னா லீசியின் முகத்தில் பாதிக்குச் சவர நுரை. கையில் ரேசர். ஆண்கள் சவரம் செய்துகொள்ளும்போது வாயைக் கோணுவார்களே, அப்படி ஒரு பார்வை. அமெரிக்கப் பெண்கள் ஆண்களைப் போல ஆகிக்கொண்டிருக்கிறார்கள் என்ற கட்டுரைக்கான அட்டை அது. பத்திரிகை வடிவமைப்பு வரலாற்றில் அதற்கு ஓர் இடம் உண்டு. எனக்கு அதில் பிடித்தது வேறு. அந்தக் காலத்தில் எடுக்கப்பட்ட அவருடைய நூற்றுக்கணக்கான படங்களில் அவர் ‘அழகாக இருக்க’ முயலாத படம் இது. வேடிக்கையாக இருக்க முயல்கிறார், வெற்றியும் பெறுகிறார். அந்த நுரைக்குப் பின்னால் ஒரு நகைச்சுவை நடிகை இருக்கிறார் என்று ஸ்டூடியோவில் ஒருவருக்காவது தோன்றியிருக்கக் கூடாதா என்று ஒவ்வொரு முறையும் நினைத்துக்கொள்வேன்.

தோன்றவில்லை. 1966இல் ஃபிராங்க் சினாட்ராவுடன் ஒரு படம், டோனி கர்ட்டிஸுடன் ஒரு படம். இரண்டிலும் அவர் அலங்காரம்தான். அடுத்து ரோஜே வதீம் இயக்கவிருந்த ‘பார்பரெல்லா’ என்ற விண்வெளிக் கற்பனைப் படம் தேடி வந்தது. வேண்டாம் என்றார். அந்த வேடம் 1968இல் ஜேன் ஃபோண்டாவுக்குப் போய் உலகப் புகழ் பெற்றது. விர்னா லீசி ஹாலிவுட்டோடு இருந்த நீண்ட கால ஒப்பந்தத்தைப் பாதியில் முடித்துக்கொண்டு ரோமுக்குத் திரும்பினார்.

இந்த ஆய்வின் மையமான முடிவு இதுதான், அதனால் இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம். ‘பார்பரெல்லா’வை விட்டது தவறா? புகழை வைத்துக் கணக்குப் பார்த்தால் தவறுதான். ஆனால் அமெரிக்காவில் அவருக்கு வந்துகொண்டிருந்த வேடங்கள் ஒன்றுபோல் ஒன்றாகவே இருந்தன. கணவரும் குழந்தையும் ரோமில் இருந்தார்கள். அவர் போயிருந்த நேரத்தில் இத்தாலிய சினிமாவோ உச்சத்தில் இருந்தது. திரும்பி வருவதற்கான காரணங்களில் எதுவும் அசட்டுத்தனமானது இல்லை. ஒரு வரிசையில் நிற்க மறுத்தார், அவ்வளவுதான்.

இத்தாலியில் அவருக்கு என்ன கிடைக்கும் என்பதை அதே ஆண்டு அங்கே வந்த ஒரு படமே காட்டியது. பியெட்ரோ ஜெர்மியின் ‘சிஞ்ஞோரே எ சிஞ்ஞோரி’ 1966இல் கான் விழாவின் உயரிய பரிசைப் பிரெஞ்சுப் படம் ஒன்றோடு பகிர்ந்துகொண்டது. வட இத்தாலியில் ட்ரெவிசோ. ஊரில் எல்லா ஆண்களுக்கும் ரகசியம் உண்டு, எல்லோரும் ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்துக்குப் போகிறவர்கள். காப்பிக் கடையில் கல்லாவில் உட்கார்ந்திருக்கும் மிலேனாவாக விர்னா லீசி. பெண்டாட்டியின் நச்சரிப்பில் நொந்துபோன வங்கி ஊழியன் ஒருவன், கஸ்தோனே மொஸ்கின் நடித்தது, அவள்மேல் உண்மையாகவே ஆசை வைத்துவிடுகிறான். கள்ளத்தனமாக இருந்திருந்தால் ஊர் கண்டுகொள்ளாது. வெளிப்படையாக இருப்பதுதான் குற்றம். பாதிரியார், போலீஸ், வேலை செய்யும் வங்கி, நண்பர்கள் என்று ஊரே சேர்ந்து அந்த உறவை நசுக்கிவிடுகிறது. ஊரின் கண்களெல்லாம் மொய்க்கும் ஒருத்தி, அவள் வாய் திறந்து ‘எனக்கு இவனைப் பிடித்திருக்கிறது’ என்றால் மட்டும் பொறுக்கமாட்டார்கள். மிலேனாவுக்கு அவர் கொடுத்த அமைதியான மரியாதையைப் பார்த்தால், இந்தப் பெண்ணை அவர் வெளியிலிருந்து நடிக்கவில்லை என்று புரிகிறது.

அதற்குப் பிறகு வந்த பத்தாண்டுகளை நான் அழகுபடுத்தப் போவதில்லை. ஸ்டான்லி கிரேமரின் ‘தி சீக்ரெட் ஆஃப் சாண்டா விட்டோரியா’வில் அன்னா மஞ்ஞானி, ஆன்டனி க்வின் ஆகியோரோடு நடித்தார். ரிச்சர்ட் பர்ட்டன், யூல் பிரின்னர், டேவிட் நிவன் என்று பெரிய பெயர்களோடும் நடித்தார். பெரும்பாலும் பல நாட்டுப் பணத்தில் எடுத்த, எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத படங்கள். எழுபதுகளின் நடுவில் வாய்ப்புகளும் அருகிப்போயின. நாற்பதை நெருங்கும் நடிகைக்கு என்ன வேடம் கொடுப்பது என்று அங்கே யாருக்கும் தெரியவில்லை. ‘குடும்பத்துக்காக ஒதுங்கினார்’ என்று இதைச் சொல்வது மரியாதையான பேச்சு. தொழிலும் அவரை ஒதுக்கியது என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் நியாயம்.

திருப்பம் 1977இல். லிலியானா கவானி, தத்துவ அறிஞர் நீட்சேயைப் பற்றி எடுத்த படத்தில் அவருடைய தங்கை எலிசபெத் வேடத்தைக் கொடுத்தார். அண்ணனைத் தன் உடைமையாக நினைக்கும், விறைப்பும் வன்மமும் நிறைந்த பெண். அழகியிடம் கொண்டுபோய்க் கொடுக்கும் வேடமல்ல. இத்தாலியத் திரைப் பத்திரிகையாளர்களின் ‘நாஸ்த்ரோ தார்ஜென்தோ’ விருது அதற்குக் கிடைத்தது. அவருக்கு இந்தக் கதவைத் திறந்தவர் ஒரு பெண் இயக்குநர். பின்னால் அவருக்கு மிகச் சிறந்த வேடங்களைக் கொடுத்த கிறிஸ்தினா கொமென்சினியும் பெண்தான். தற்செயல் என்று நான் நினைக்கவில்லை.

1980இல் அல்பெர்தோ லத்துவாதாவின் ‘லா சிகாலா’. வயதும் குரலும் தளர்ந்துபோன பாடகியாக நடித்ததற்கு இத்தாலியின் ‘தாவித் தி தொனத்தெல்லோ’ சிறந்த நடிகை விருது. 1983இல் கார்லோ வன்சீனாவின் ‘சப்போரே தி மாரே’. 1964ஆம் ஆண்டுக் கோடை, கடற்கரை ஊர், விடலைப் பையன்கள், ஒலித்துக்கொண்டே இருக்கும் பழைய பாட்டுகள். வசூலுக்காக எடுத்த இலேசான படம். இளைஞன் ஒருவன் மனசைப் பறிகொடுக்கும் மூத்த பெண்ணாக அதில் விர்னா லீசி. படம் எங்கேயாவது நின்று மூச்சு விடுகிறது என்றால் அது அவர் வரும் காட்சிகளில்தான். விருது அதற்கும் வந்தது. 1964இல் தான் எப்படிப் பார்க்கப்பட்டோம் என்பதை அறிந்த ஒருவர், அதே 1964க்குள் நாற்பத்தாறு வயதில் திரும்பிப் போய் நடிப்பதைப் பார்க்கும்போது தொண்டை அடைக்கிறது.

இங்கே தொழிலின் கணக்கு ஒன்று. 1955இல் இத்தாலியத் திரையரங்குகளில் சுமார் 82 கோடி டிக்கெட்டுகள் விற்றன. 1980களின் நடுவில் அது 12 கோடி அளவுக்கு இறங்கிவிட்டது. தொலைக்காட்சியில் ராய்க்கு இருந்த ஏகபோகம் 1976இல் அரசியல் சாசன நீதிமன்றத் தீர்ப்பால் உடைந்தது, தனியார் நிலையங்கள் புற்றீசலாகப் பெருகின. தியேட்டர்கள் மூடின. சினிமாக்காரர்களில் பலர் இதைச் சாவுச் செய்தியாகவே எடுத்துக்கொண்டார்கள். தப்பில்லை, பலருக்கு அது அப்படித்தான் முடிந்தது. விர்னா லீசிக்கோ தொலைக்காட்சி என்பது புதுவீடு அல்ல. 1957இலேயே வாழ்ந்த வீடு. 1984இல் டினோ ரீசி இயக்கிய ‘எ லா வீத்தா கொந்தினுவா’ தொடரில் தொடங்கி, அந்தப் பெட்டி அவருக்கு ஒன்றைத் தொடர்ந்து கொடுத்தது. அதைத்தான் சினிமா மறுத்திருந்தது. வயதாகும் உரிமை.

இது சாதாரண விஷயமில்லை. தியேட்டருக்குப் போகிறவர்களில் இளைஞர்களே அதிகம். வீட்டில் இரவு சாப்பிட்டுவிட்டுப் பெட்டி முன் உட்காருகிறவர்களில் அம்மாக்களும் பாட்டிகளும் உண்டு. பற்பசை விளம்பரத்தில் அவரைப் பார்த்தபோது இருபது வயதாயிருந்த பெண்கள், அவரோடு கூடவே நரைத்துக்கொண்டு வந்தார்கள். அவர்களுக்கு அம்மா வேடத்தில் விர்னா லீசி வேண்டியிருந்தது. தனியார் தொலைக்காட்சியான கனாலே 5இல் 2001 முதல் வந்த ‘இல் பெல்லோ தெல்லே தொன்னே’ ஓர் அழகு நிலையத்தைச் சுற்றி நடக்கும் கதை. 2005 முதல் ‘கத்தெரீனா எ லெ சுவே ஃபீல்யே’ தொடரில் வளர்ந்த மகள்களை வைத்துக்கொண்டு அல்லாடும் தாய் கத்தெரீனா. விமர்சகர்கள் இந்தத் தொடர்களைப் பெரிதாக மதிக்கவில்லை. எல்லாம் உயர்ந்த நாடகம் என்று நானும் சொல்லவில்லை. ஆனால் எழுபது வயது நடிகையைத் தலைப்பிலேயே நிறுத்தி வாரம் ஒருமுறை வீட்டு வேளையில் ஒளிபரப்பிய தொழிலை, அதே வயதில் அவரை எங்கோ ஓரத்தில் உட்கார வைத்திருக்கக்கூடிய தொழிலோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

இனி 1994. பத்ரிஸ் ஷெரோ இயக்கிய பிரெஞ்சுப் படம் ‘லா ரேன் மார்கோ’. 1572 ஆகஸ்ட், பாரிஸ். கத்தோலிக்க இளவரசி மார்கோவுக்கும் புராட்டஸ்டன்ட் அரசன் நவாராவின் ஹென்றிக்கும் கல்யாணம். ஆறே நாளில், புனித பர்த்தலோமியு இரவில், கல்யாணத்துக்கு வந்த புராட்டஸ்டன்ட்டுகளை வெட்டிச் சாய்க்கிறார்கள். மார்கோ இசபெல் அஜானி. தாய் மகாராணி கத்தரீன் தெ மெடிச்சி, விர்னா லீசி.

நெற்றி உச்சிவரை ஏறிப்போயிருக்கிறது, முடியை இறுக்கிப் பின்னால் இழுத்திருக்கிறார்கள். புருவம் இருக்கிறதா என்று தேட வேண்டும். கறுப்பு உடை. அந்த வெளிறிய பெரிய நெற்றிதான் இருட்டான அறைகளில் முதலில் கண்ணில் படுகிறது. ‘அழகியை அவலட்சணமாக்கினார்கள், அதனால் விருது’ என்று இந்த வேடத்தைப் பற்றி எழுதுவார்கள். ஒப்பனையைக் கழற்றினாலே நடிப்பு வந்துவிடும் என்பது போல! உண்மையில் அந்த வேடத்தைத் தாங்குவது அவருடைய குரல். கத்தரீன் பிளாரன்ஸிலிருந்து பிரான்சுக்குக் கட்டிக்கொடுக்கப்பட்ட இத்தாலியப் பெண். நாற்பது ஆண்டுகள் அந்த அரண்மனையில் இருந்தும், மகன்களை அரியணை ஏற்றியும், அந்நியள்தான். விர்னா லீசி அந்தப் பிரெஞ்சை இத்தாலிய உச்சரிப்போடு பேசுகிறார். கொலைக்கு உத்தரவிடும்போதும் அது மாறுவதில்லை, பிள்ளைகளைக் கொஞ்சும்போதும் மாறுவதில்லை. வேறொருவனுக்கு வைத்த நஞ்சு தன் மகன் அரசன் சார்லஸின் உடம்பில் ஏறிவிட்டது என்று தெரியவரும் இடத்தில் அவர் அலறுவதில்லை. குரல் இன்னும் கீழே இறங்குகிறது.

முப்பது ஆண்டுகளுக்கு முன் ஹாலிவுட்டில் அதே உச்சரிப்புதான் சிரிப்புக்கு உதவியது, புரியாத பெண்ணின் அடையாளமாக. ஷெரோ அதையே எடுத்துப் பாத்திரத்தின் முதுகெலும்பாக வைத்தார். கான் விழாவில் கிளின்ட் ஈஸ்ட்வுட் தலைமையிலான நடுவர் குழு சிறந்த நடிகை விருதை அஜானிக்கு அல்ல, விர்னா லீசிக்குக் கொடுத்தது. பிரான்சின் சேசர் விருதும் துணை நடிகைப் பிரிவில் வந்து சேர்ந்தது. பிரெஞ்சுப் பேச்சுக்காகப் பிரெஞ்சுக்காரர்களே ஓர் இத்தாலியருக்குக் கொடுத்த பரிசு என்று அதை நான் எடுத்துக்கொள்கிறேன்.

இரண்டாண்டு கழித்து, சுசன்னா தமாரோவின் நாவலைக் கொமென்சினி படமாக்கியபோது, சாகும் முன் பேத்திக்குத் தன் வாழ்க்கையை எழுதி வைக்கும் பாட்டி ஓல்காவாக நடித்தார். உயிரோடு இருக்கும்போது யாரிடமும் சொல்லாததையெல்லாம் சொல்லிவிட்டுப் போகும் பெண். இன்னொரு நாஸ்த்ரோ தார்ஜென்தோ விருது வந்தது.

2013இல் கணவர் இறந்தார், ஐம்பத்து மூன்று ஆண்டுத் தாம்பத்தியம். 2014 டிசம்பர் 18 அன்று ரோமில் விர்னா லீசியும் காலமானார், வயது 78. நுரையீரல் புற்றுநோய். கொமென்சினியின் ‘லத்தின் லவர்’ படத்தை அதற்கு முன்பே முடித்திருந்தார். 2015 மார்ச்சில் அது வெளியானது. ஊர் கொண்டாடிய ஒரு நடிகன் இறந்து பத்தாண்டு ஆகிறது. பல நாடுகளில் பிறந்த அவனுடைய மகள்கள் இத்தாலியக் கிராமத்து வீட்டில் கூடுகிறார்கள். இத்தாலிய மனைவி ரீத்தாவாக விர்னா லீசி, ஸ்பானிய மனைவியாக மரிசா பரேதெஸ். புகழ்பெற்ற முகம் சுவரில் படமாகத் தொங்குகிறது. கீழே இரண்டு வயதான பெண்களும் அவனைப் பற்றி ஒருவருக்கொருவர் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.